கிளினிக் மெஷின் ஐசியை (அடையாள அட்டையை) எடுக்கவில்லை என்று நின்றவர்கள் யாராவது? (மலேசியா, சுங்கை சிப்புட் பக்கம்)

பால்மரத்து மகன்:
பெக்கா பி40 (வருமானம் குறைந்தவர்களுக்கான அரசாங்கச் சுகாதாரத் திட்டம்) பரிசோதனைக்கு அம்மாவை டவுன் கிளினிக்குக் கூட்டிப் போனேன். அம்மாவின் ஐசி இருப்பது வெற்றிலைப் பையில், அட்டையின் சிப் மேலே சுண்ணாம்பு காய்ந்து கிடந்தது. கவுண்டரில் இருந்த மலாய்ப் பிள்ளை முகம் சுளிக்காமல் நகத்தால் சுரண்டி, டூடோங் (தலைத்துணி) நுனியில் துடைத்து மெஷினில் சொருகினாள். எடுத்துவிட்டது.

அடுத்து கட்டைவிரல் ரேகை. அதுதான் வரவில்லை. காலமெல்லாம் ரப்பர் மரம் சீவிப் பால் எடுத்த கை. அம்மா சேலையில் துடைத்துத் துடைத்து அழுத்துகிறார். "ஆன்ட்டி, ரேகையே இல்லையே" என்றாள். "தோட்டத்து மரத்தில் இருக்கும், போய் எடுத்துக்கொள்" என்று அம்மா மலாயிலேயே சொல்ல, எல்லாரும் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. இன்னொரு நாள் வரச் சொல்லி அனுப்பிவிட்டார்கள்.

லயத்துக்காரி:
சுண்ணாம்பாவது சுரண்டினால் போகும். எங்கள் அப்பா ஐசி நனையக்கூடாதென்று போட்டோஸ்டாட் கடையில் லாமினேட் செய்து வைத்திருந்தார். போன வருஷம் சாரா (ஐசியைக் காட்டிச் சாமான் வாங்க அரசாங்கம் தரும் உதவி) 100 ரிங்கிட்டுக்கு அரிசி, எண்ணெய், முட்டை எல்லாம் எடுத்து வைத்தாயிற்று, அட்டை மெஷினுக்குள் நுழையவே இல்லை. கடைக்காரர் கத்தரிக்கோலை எடுத்ததும் அப்பா வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். பெக்கா கார்டையாவது லாமினேட் செய்யாமல் தனியாக வையுங்கள்.

கிராணி மாமா:
தங்கச்சி, பெக்காவுக்குத் தனி கார்டே கிடையாது. தெரியாததைச் சொல்லிப் பெரியவர்களை அலையவிடாதீர்கள். என் மச்சான் ஐசியைப் பின் பாக்கெட்டில் வைத்து மோட்டாரில் உட்கார்ந்தே இரண்டாக உடைத்தவர், நம் கதை அவ்வளவுதான்.

விஷயத்துக்கு வருவோம். 2019-இல் வந்த திட்டம் இது. எஸ்டிஆர் (அரசாங்க உதவித்தொகை) பணம் வாங்குகிறவர்கள், அவர்களுடைய கணவன் அல்லது மனைவி, 40 வயது ஆகியிருந்தால் போதும்; பதிவு எதுவும் வேண்டாம். திட்டத்தில் சேர்ந்த கிளினிக்கில் ஐசியைக் காட்டினால் பரிசோதனை இலவசம். அதோடு நிற்பதில்லை. அரசாங்க ஆஸ்பத்திரியில் சிகிச்சைக்குக் கருவி வேண்டுமென்றால் 20,000 ரிங்கிட் வரை உதவி உண்டு. புற்றுநோய்ச் சிகிச்சையை முடிப்பவர்களுக்கு 1,000 ரிங்கிட். தீபகற்ப மலேசியாவில் போக்குவரத்துக்கு 500 ரிங்கிட் வரை. நம் ஆட்கள் பாதிப் பேர் இதைக் கேட்பதே இல்லை. ஐசியைக் கெட்டியான பிளாஸ்டிக் உறையில் போடுங்கள். சில்லறை, சாவியோடு சேர்க்காதீர்கள். சிப்பை ஈரத்துணியால் தேய்க்காதீர்கள்.

பால்மரத்து மகன்:
அண்ணே, எல்லாம் சரி. நான் சொன்னது ரேகையை.

லயத்துக்காரி:
இடது கட்டைவிரலை வைத்துப் பார்த்தீர்களா? சிப்பில் அதுவும் இருக்கிறது. எங்கள் அத்தைக்கு அதில்தான் எடுத்தது.