புதுப்பிப்பு: தங்கச்சியின் லப்டொப்பில் விண்டோஸ் 11

விண்டோஸ் 11 போடும்போது வரும் தனியுரிமைக் கேள்விகளுக்கு என்ன கொடுப்பது என்று போன கிழமை கேட்டிருந்தேன். நேற்றிரவு உவர்மலை வீட்டிலேயே போட்டு முடித்தாச்சு.

இருப்பிடம், விளம்பர அடையாளம் (நமக்கேற்ற விளம்பரம் காட்டப் பயன்படும் எண்), தட்டச்சு விவரம் எல்லாமே 'ஆம்' என்றுதான் நின்றன. அவசரத்தில் 'அடுத்து' அழுத்தினால், கீழே போனதும் அதே பொத்தான் 'ஏற்கிறேன்' என்று மாறிவிடுகிறது. ஒவ்வொன்றாக நிறுத்தினேன். இருப்பிடத்தையும் 'எனது சாதனத்தைக் கண்டுபிடி' என்பதையும் மட்டும் விட்டுவைத்தேன். தங்கச்சி லப்டொப்பை தினமும் பஸ்ஸில் கொண்டுபோகிறாள், தொலைந்தால் தேட அவை இரண்டும் வேண்டும்.

முக்கியமான ஒன்று: கண்டறிதல் தரவில் (கணினி எப்படி இயங்குகிறது என்று மைக்ரோசொஃப்டுக்குப் போகும் விவரம்) 'கட்டாயமானது மட்டும்' என்று வைத்தாலும் அனுப்புவது முழுதாக நிற்காது. ஹோம், புரோ பதிப்புகளில் அந்தளவு போகத்தான் செய்யும். ஏற்கெனவே போனதை அழிக்க, அமைப்புகளில் தனியுரிமைப் பகுதிக்குள் வழி இருக்கிறது. அதையும் செய்துவிட்டேன். பதில் தந்த எல்லோருக்கும் நன்றி.