உக்ரைனியர்களின் பழைய தாள்களைக் காப்பாற்ற யோசனை வேண்டும்

வணக்கம் நண்பர்களே. கனடாவில் எட்மன்டன் பக்கம், உக்ரைனியக் குடியேறிகளுக்கான ஒரு சின்ன அருங்காட்சியகத்தில் தன்னார்வலராக இருக்கிறேன். 1891-இல், இன்றைய மேற்கு உக்ரைன் பக்கம் இருந்த கலீசியா பகுதியிலிருந்து இரண்டு பேர் வந்து பார்த்துவிட்டுப் போனதில் தொடங்கிய கதை இது. 160 ஏக்கர் நிலத்துக்கு 10 டாலர் பதிவுக் கட்டணம் என்றதும் கூட்டம் கூட்டமாக வந்தார்கள். இப்போது அவர்களின் வாரிசுகள் வீட்டைக் காலி செய்யும்போது பழைய துணிகள், இதழ்கள், புகைப்படங்களைப் பெட்டி பெட்டியாகக் கொண்டுவந்து தருகிறார்கள்.

சிவப்பும் கறுப்புமாகப் பூத்தையல் போட்ட துணிகளைச் சமாளித்துவிடலாம். கவலையெல்லாம் இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு ஜெர்மனி, ஆஸ்திரியா அகதி முகாம்களில் அச்சிட்ட இதழ்கள்தான். மட்டமான தாள், மடிப்பில் கை பட்டாலே அப்பளம் மாதிரி நொறுங்குகிறது. பின்கள் துருப்பிடித்துத் தாளோடு ஒட்டிக் கிடக்கின்றன. வீடிழந்து நின்ற நிலையிலும் பத்திரிகை நடத்தியவர்கள். அது நம் கையில் உதிர்வதைப் பார்க்க மனசு கேட்கவில்லை.

பழைய தமிழ் இதழ்களை மின்னாக்கம் செய்தவர்கள் சொல்லுங்கள்: பின்களைக் கழற்றலாமா, அப்படியே மேலிருந்து கேமராவில் எடுப்பதா? அப்புறம், உக்ரைனில் மருத்துவம் படித்து அந்த மொழி தெரிந்தவர்கள் யாராவது புகைப்படங்களின் பின்புறம் கையால் எழுதியிருப்பதைப் படித்துச் சொன்னால் பெரிய உதவி. மாதிரிப் படங்களைப் பின்னூட்டத்தில் போடுகிறேன்.