தங்கையின் காணொளி பரவுகிறது: வழிகாட்டுதல் தேவை

வணக்கம். மலேசியாவில், பேராக் மாநிலத்தின் சுங்கை சிப்புட் வட்டாரத்துத் தோட்டம் ஒன்றில் வசிக்கிறோம். திருமண விருந்தில் என் தங்கை ஆடியதை யாரோ கைப்பேசியில் பதிவு செய்து, ஆபாச வரிகளைச் சேர்த்து டிக்டாக்கில் ஏற்றிவிட்டார். இப்போது அது தோட்டத்து வாட்சாப் குழுக்களில் சுற்றுகிறது. இரவு பத்து மணிக்கு மேல் பெண்பிள்ளை ஆடலாமா என்று தங்கையைக் குறைசொல்லும் பெரியவர்கள், அதைப் பகிர்ந்தவர்களை ஒரு வார்த்தை கேட்கவில்லை (பகிர்ந்தவர்களில் சிலர் அந்தப் பெரியவர்களின் வீட்டுப் பிள்ளைகளே).

1998ஆம் ஆண்டின் தொடர்பு, பல்லூடகச் சட்டத்தின் 233ஆம் பிரிவும் (இணையத்தில் ஆபாசமான, புண்படுத்தும் பதிவுகள் பற்றியது) தண்டனைச் சட்டத்தின் 509ஆம் பிரிவும் (ஒருவரின் மானத்தை இழிவுபடுத்தும் சொல், செய்கை பற்றியது) இதற்குப் பொருந்தக்கூடும் என எண்ணுகிறேன். முதலில் காவல் நிலையத்தில் புகார் செய்துவிட்டுத்தான் தொடர்பு, பல்லூடக ஆணையத்திடம் முறையிட வேண்டுமா, அல்லது 2022ஆம் ஆண்டின் பாலியல் தொல்லை எதிர்ப்புச் சட்டத்தின்கீழ் அமைந்த நடுவர் மன்றத்தை நேரடியாக நாடலாமா? அனுபவமுள்ளோர் தனிச்செய்தியில் தெரிவிக்க வேண்டுகிறேன். அந்தக் காணொளியைத் தயவுசெய்து யாரும் தேட வேண்டாம்.