நம்ம வீடு குழு: காசாபிளாங்கா பிக்பாக்கெட் யாரு?

நிவேதா: சித்தப்பா, 'காசாபிளாங்கா' படம் ஆரம்பத்துல இங்கிலீஷ்கார தம்பதிகிட்ட பர்ஸ் அடிக்கிறாரே, அவர் யாரு? எங்கயோ பார்த்த முகம்.

முரளி சித்தப்பா: கர்ட் போய்ஸ்மா. 'விங்ஸ் ஆஃப் டிசயர்' படத்துல பெர்லின் லைப்ரரி படியில மெதுவா ஏறி வர்ற கிழவர் ஹோமர் இருக்காரே, அவரேதான். அது 1942, இது 1987. நடுவுல 45 வருஷம்.

நிவேதா: அவரா இவர்!

சுதா அத்தை: அதுக்கும் முன்னாடி போ. பிறந்தது 1901, பெர்லின்ல. 1909-லயே 'கிளெபோலின் கிளெப்ட் ஆலெஸ்'னு ஒரு குட்டிப் படத்துல பையனா வர்றார். எதைத் தொட்டாலும் ஒட்டிக்கிற பசைதான் மொத்தக் கதையும். இறந்தது 1991 கிறிஸ்துமஸ் அன்னிக்கு. 80 வருஷம் கேமரா முன்னாடி நின்ன மனுஷன்.

கதிர்: அப்போ எப்பவுமே துணை வேஷம்தானா அத்தை?

சுதா அத்தை: இல்லடா. 1920கள்ல பெர்லின் மேடைல அவர் பெரிய காமெடி நடிகர். 'சார்லீஸ் ஆன்ட்' நாடகத்துல பெண் வேஷம் கட்டி ஊரையே சிரிக்க வெச்சார். நாஜிகள் வந்ததும் யூதர்ங்கிறதால மேடை போச்சு. 1934-ல அமெரிக்கா போயிட்டார்.

முரளி சித்தப்பா: அங்கதான் கஷ்டம். அவர் தொழிலே வேகமான ஜெர்மன் பேச்சு. இங்கிலீஷ்ல அந்த வேகம் வராது, உச்சரிப்பும் காட்டிக் கொடுத்துடும். அதனால கிடைச்சதெல்லாம் பேர் இல்லாத வெளிநாட்டுக்காரன் வேஷம். மிச்சம் இருந்தது உடம்பு. அதை வெச்சே பிழைச்சார்.

நிவேதா: அந்த சீன்ல எதைக் கவனிக்கணும்?

முரளி சித்தப்பா: முதல் தடவை சத்தத்தோட பாரு, அடுத்த தடவை மியூட்ல. வாய் திருடங்க ஜாக்கிரதைன்னு எச்சரிக்குது, உடம்பு அந்த இங்கிலீஷ்காரரை ஒட்டியே நிக்குது. நாம பேச்சைக் கேட்கிறதால கையை விட்டுடறோம், அந்தத் தம்பதி மாதிரியே. அவர் போனப்புறம்தான் அந்த ஆள் பர்ஸை ஹோட்டல்ல வெச்சுட்டு வந்துட்டேன்னு சொல்வார். அப்புறம் ஹீரோ ரிக்கோட கஃபேல போய்ஸ் வந்து அங்க வெயிட்டரா இருக்கிற கார்ல் மேல இடிப்பார். கார்ல் உடனே தன் பாக்கெட்டையெல்லாம் தடவிப் பார்ப்பார். போய்ஸுக்கு அங்க மன்னிப்புக் கேக்கறதைத் தவிர வேற வேலையே இல்ல, சிரிப்பு முழுக்க கார்லோடது. ஆனா முதல் சீனை அவர் சரியா செய்யலன்னா இந்தச் சிரிப்பு வராது. துணை நடிப்புன்னா எனக்கு இதுதான்.

சுதா அத்தை: கார்ல் வேஷத்துல வர்ற சகால் புடாபெஸ்ட்காரர். அவரும் பெர்லின்ல நடிச்சுட்டு ஓடி வந்தவர்தான். அந்தப் படத்துல அகதிகளா நடிச்சவங்கள்ல பலர் நிஜ அகதிகள். நிறைய பேருக்கு டைட்டில்ல பேரே கிடையாது. ஆனா போய்ஸ் பேர் இருக்கும், கண் வெச்சுப் பாரு.

கதிர்: போய்ஸ் வர்ற 1919 ஊமைப் படம் 'ஆய்ஸ்டர் பிரின்சஸ்' யூடியூப்ல எடுத்தேன். எல்லாரும் ஓட்டமா ஓடறாங்க, ஒண்ணும் புரியல.

முரளி சித்தப்பா: ஸ்பீட் தப்பு. அப்போ கேமராவைக் கையால சுத்துவாங்க, செகண்டுக்கு 18 பிரேம் மாதிரி வரும். அதை 24-ல ஓட்டினா ஒரு மணி நேரப் படம் 45 நிமிஷத்துல முடிஞ்சிடும். செட்டிங்ஸ்ல 0.75 வை. மியூசிக் இழுக்கும், மியூட் பண்ணிடு. கை சுத்தறது சீனுக்கு சீன் மாறும், அதனால யாராவது நடக்கிறதைப் பார்த்து சரிபார். நடை இயல்பா இருந்தா ஸ்பீட் சரி. பாக்ஸ்ட்ராட் டான்ஸ் வர்ற இடத்துல பேண்டை நடத்தறவர்தான் போய்ஸ்.

சுதா அத்தை: ஒரு எச்சரிக்கை. அவர் பெண் வேஷத்துல வர்ற துண்டு ஒண்ணு 1940 நாஜி பிரச்சாரப் படத்துல கிடக்கு. 1927-ல வந்த 'டெர் ஃபுர்ஸ்ட் ஃபோன் பாப்பன்ஹைம்' காமெடில இருந்து வெட்டி, யூதர்னா இப்படித்தான்னு காட்டினாங்க. தேடினா அது மேல வரும். அதை விட்டுட்டு மூலப் படத்தையே பாருங்க.

நிவேதா: திரும்பி ஜெர்மனிக்குப் போனாரா?

முரளி சித்தப்பா: 1950-ல. நாடக ஆசிரியர் பிரெஷ்டோட பெர்லினர் ஆன்சாம்பிள் நாடகக் குழுல புந்திலாங்கிற பண்ணையார் வேஷம். குடிச்சா நல்லவன், தெளிஞ்சா கொடுமைக்காரன், ஒரே ஆள். அந்த நாடகத்தை வெச்சு டைரக்டர் கவல்கான்டி எடுத்த படத்துலயும் அவரேதான். 1988-ல ஐரோப்பிய திரைப்பட விருது முதல் தடவை கொடுத்தப்போ சிறந்த துணை நடிகர் இவர்தான், ஹோமருக்காக. அந்தப் படத்துல பெர்லின்ல போட்ஸ்டாமர் பிளாட்ஸ் சதுக்கத்தைத் தேடி அலைவாரே, அப்போ அது பெர்லின் மதில் ஓரத்துப் பொட்டல். அவர் சின்னப் பையனா இருந்த காலத்துல ஊரோட நெரிசலான சந்திப்பு. அந்தத் தேடலை ஒரு பெர்லின்காரர் செஞ்சாதான் நெஞ்சுல படும்.

கதிர்: 0.75 வெச்சதும் நடை சரியாயிடுச்சு. பேண்டை நடத்தறவர் இப்பதான் கண்ணுக்குத் தெரியறார் சித்தப்பா.