இன்வெர்ட்டர் ஏசியில் இன்வெர்ட்டர் எங்கே? (தனி இழை)

பழைய_வோல்ட்மீட்டர்
‘கோடைக்கு எந்த ஏசி?’ இழையில் அம்பத்தூர்_பவர் (வீட்டு இன்வெர்ட்டர் விக்கிற கடைக்காரர்) நேற்று எழுதியதை அப்படியே ஒட்டுகிறேன்: “இன்வெர்ட்டர் ஏசி சுத்த டுபாக்கூர். அவுட்டோர் யூனிட்டைக் கழட்டிப் பாருங்க, பேட்டரியே இருக்காது. பேட்டரி இல்லாததுக்கு இன்வெர்ட்டர்னு பேர் வெச்சு காசு புடுங்குறான். கன்ஸ்யூமர் கோர்ட்டுக்கே போகலாம்.”

இதுக்கு வரிசையா கைதட்டல் வேற. படிச்சதும் எனக்கு பிபி ஏறிடுச்சு. அங்கேயே பதில் போட்டா ஏசி வாங்க வந்தவங்க பாவம், அதனால் தனி இழை.

டிசியை ஏசியா மாத்துற எதுவும் இன்வெர்ட்டர். அவ்வளவுதான். அந்த டிசி பேட்டரியிலிருந்து வரலாம், சோலார் பேனலிலிருந்து வரலாம், ஏசியை டிசி ஆக்குற ரெக்டிஃபையரிலிருந்து வரலாம். (இங்கே ஏசின்னா திசை மாறி மாறி ஓடுற கரண்ட், டிசின்னா ஒரே திசையில ஓடுற கரண்ட். குளுகுளு ஏசி இல்லை. நம்ம ஊர்ல இதையும் சொல்லித் தொலைக்கணும்.)

சுவத்துலேருந்து 230 வோல்ட், 50 ஹெர்ட்ஸ், சிங்கிள் ஃபேஸ் உள்ளே போகுது. ரெக்டிஃபையர் அதை சுமார் 320 வோல்ட் டிசி ஆக்குது. ஆறு சுவிட்சிங் டிரான்சிஸ்டர் சேர்ந்து அந்த டிசியை வெட்டி வெட்டி, த்ரீ ஃபேஸா, வேண்டிய ஃப்ரீக்வென்சியில் கம்ப்ரஸருக்கு அனுப்புது. அந்த ஆறு சுவிட்ச் உட்கார்ந்திருக்கிற பகுதிக்குப் பேர்தான் இன்வெர்ட்டர். ஃப்ரீக்வென்சி குறைஞ்சா கம்ப்ரஸர் மெதுவா ஓடும், கூடினா வேகமா ஓடும். இதுல டுபாக்கூர் எங்கே வந்தது?

அம்பத்தூர்_பவர்
வந்துட்டாருப்பா வாத்தியாரு. சார், பாடம் எல்லாம் ஓகே. ஒரே கேள்வி. பேட்டரி எங்கே?

பழைய_வோல்ட்மீட்டர்
தேவையில்லைன்னு சொன்னேனே தம்பி. படிச்சீங்களா, இல்ல நேரா பதில் பெட்டிக்கு வந்துட்டீங்களா?

அம்பத்தூர்_பவர்
படிச்சேன். ஆறு டிரான்சிஸ்டர் இருக்கு. பேட்டரி இல்லை. நான் சொன்னதைத்தான் நீங்களும் சொல்றீங்க, கொஞ்சம் நீட்டி.

சோழிங்கநல்லூர்_சுதா
சார், நடுவுல வர்றதுக்கு மன்னிக்கணும். எனக்கு ஒண்ணுதான் தெரியணும். கரண்ட் போனா இன்வெர்ட்டர் ஏசி ஓடுமா ஓடாதா? கடையில் ‘இன்வெர்ட்டர்லயே ஓடும் மேடம்’னு சொன்னான். நானும் நம்பி அட்வான்ஸ் கொடுத்துட்டேன்.

ரிச்சி_தெரு_ராஜா
அக்கா, ஓடாது. நான் ஏசி சர்வீஸ்ல இருக்கேன், வாரத்துக்கு நாலு பேர் இதே கேள்வி. வீட்டு இன்வெர்ட்டருக்கு 12 வோல்ட் 150 ஏஎச் டியூப்ளர் பேட்டரி ஒண்ணு இருக்கும். கணக்குப் போட்டா 1800 வாட் ஹவர், அதாவது 1.8 யூனிட். ஒன்றரை டன் ஏசி ஃபுல்லா இழுத்தா ஒரு மணி நேரத்துக்கு ஒன்றரை யூனிட்டுக்குப் பக்கம். காகிதத்துல ஒரு மணி நேரம் வரும், நிஜத்துல அது கூட வராது. 850 விஏ இன்வெர்ட்டர் பெட்டியில கொடுத்தா ஓவர்லோடுன்னு கத்திட்டு நின்னுடும். ஃபேனும் லைட்டும் போட்டுக்கிட்டு உட்காருங்க.

அம்பத்தூர்_பவர்
பாத்தீங்களா! இந்தப் பேரை வெச்சு ஏமாத்துறான்னுதானே நான் சொன்னேன். சுதா மேடம் அட்வான்ஸ் கொடுத்திருக்காங்க. இப்போ சொல்லுங்க வாத்தியாரே, யாரு பேச்சு சரி?

பழைய_வோல்ட்மீட்டர்
கடைக்காரன் பொய் சொன்னா அது கடைக்காரன் தப்பு. பேரு என்ன பண்ணும்?

இந்தப் பேரு இன்னைக்கு நேத்து வந்ததில்லை. 1925ல் டேவிட் பிரின்ஸ்னு ஒரு எஞ்சினியர் ஜெனரல் எலக்ட்ரிக் கம்பெனியின் பத்திரிகையில் கட்டுரை எழுதினார், தலைப்பே ‘தி இன்வெர்ட்டர்’. ரெக்டிஃபையர் ஏசியை டிசி ஆக்கும். அதைத் தலைகீழா செஞ்சா இன்வெர்ட்டர். அந்தக் காலத்து ரோட்டரி கன்வெர்ட்டரையே தலைகீழா ஓட்டுவாங்க, அதுலேருந்து வந்த பேச்சு. நீங்க விக்கிற பெட்டி நம்ம வீடுகளுக்குள்ள வர்றதுக்குப் பல வருஷம் முன்னாடியே அந்தச் சொல்லுக்குக் கல்யாணமாகி பேரன் பேத்தி எடுத்தாச்சு.

வீட்டு ஏசியில் இன்வெர்ட்டர் வெச்சு விக்க ஆரம்பிச்சது 1981ல், ஜப்பான்ல தோஷிபா. அப்போ அம்பத்தூர்ல கரண்ட் போனா ஹரிக்கேன் விளக்குதான்.

அம்பத்தூர்_பவர்
1925லயும் பேட்டரி இருந்துச்சா இல்லையா?

பழைய_வோல்ட்மீட்டர்
இருந்தது. அதுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?

அம்பத்தூர்_பவர்
அதான் கேக்குறேன்.

கிண்டி_கேட்
இருவருக்கும் பணிவான வணக்கம். டிஜிட்டல் எலக்ட்ரானிக்ஸில் இன்வெர்ட்டர் என்றால் நாட் கேட். உள்ளே 1 கொடுத்தால் வெளியே 0, உள்ளே 0 கொடுத்தால் வெளியே 1. 7404 ஐசியில் பதினாலு காலுக்குள் ஆறு இன்வெர்ட்டர் இருக்கிறது. மாணவர்களுக்கு நான் முதலில் நடத்துவதே அதுதான். ஆகவே ஒரே சொல்லுக்குத் துறைக்குத் துறை பொருள் மாறும் என்பதை இருவரும் ஒப்புக்கொண்டால்...

அம்பத்தூர்_பவர்
அந்த ஐசியில ஃபேன் ஓடுமா சார்?

கிண்டி_கேட்
ஓடாது. அது கேள்வியே அல்ல.

அம்பத்தூர்_பவர்
ஓகே. அடுத்த ஆளு.

பீளமேடு_பம்ப்
ஏனுங்க, எங்க ஊர் பட்டறையில வந்து பாருங்க. லேத்துக்கு, பம்பு டெஸ்டிங்குக்கு எல்லாம் டிரைவ் மாட்டியிருக்கோம். வி.எஃப்.டிம்போம், சிலபேரு இன்வெர்ட்டர்னே சொல்லுவாங்க. எதுலயும் பேட்டரி கிடையாதுங்க. மோட்டாரோட வேகத்தைக் கூட்டிக் குறைக்கத்தான். ஏசிக்குள்ள இருக்கிறதும் அதேதான்.

அது கெடக்கட்டும். இன்வெர்ட்டர்னா பேட்டரின்னு சென்னைக்காரங்க பேசறதுதான் சிரிப்பா வருது. 2012ல உங்களுக்கு ரெண்டு மணி நேரம் கட்டு. அதுவும் நேரம் போட்டு, பேப்பர்ல சொல்லி. நாங்க பகலும் ராத்திரியும் மணிக்கு மணி இருட்டுல உட்கார்ந்திருந்தோமுங்க. பேட்டரி சார்ஜ் ஏறவே கரண்ட் இருக்காது. இன்வெர்ட்டரைப் பத்திப் பேசற தகுதி எங்களுக்குத்தான்.

வேளச்சேரி_வெள்ளம்
ஆரம்பிச்சுட்டாங்கய்யா கோயமுத்தூர்க்காரங்க! வர்தா வந்தது 2016 டிசம்பர் 12. எங்க தெருவுல விழுந்த மரத்தை எடுக்கவே நாள் கணக்காச்சு. 2023 டிசம்பர்ல மிக்ஜாம். இன்வெர்ட்டர் பெட்டி தரைத்தளத்துல தண்ணிக்குள்ள, பேட்டரி ட்ராலியோட முங்கிக் கிடக்குது. அந்த அனுபவம் பீளமேட்டுல இருக்கா?

பீளமேடு_பம்ப்
புயலுக்கு போன கரண்ட்டும், உங்களுக்குக் கொடுக்கறதுக்காக எங்ககிட்ட புடுங்கின கரண்ட்டும் ஒண்ணுங்களா?

வேளச்சேரி_வெள்ளம்
புடுங்கினாங்களாம். சுவிட்சை நாங்களா ஆஃப் பண்ணோம்?

பழைய_வோல்ட்மீட்டர்
தயவு செஞ்சு அதுக்குத் தனி இழை போடுங்க. இங்கே பேசுறது இன்வெர்ட்டர்.

அம்பத்தூர்_பவர், பேட்டரி பேட்டரின்னு ஜபம் பண்றீங்களே, மொட்டை மாடியில சோலார் போட்டவங்களைப் பாருங்க. ஆன்-கிரிட் சோலார் இன்வெர்ட்டர். பேட்டரி கிடையாது. பேனல்லேருந்து வர்ற டிசியை ஏசியாக்கி லைனுக்கே கொடுக்குது. லைன்ல கரண்ட் போனா வெயில் கொளுத்தினாலும் அது நின்னுடும். கம்பத்துல வேலை செய்யுறவருக்கு ஷாக் அடிக்கக் கூடாதுன்னுதான் அப்படி வெச்சிருக்காங்க. பேட்டரியும் இல்லை, கரண்ட் போனா உதவியும் இல்லை. ஆனா உலகமே அதை இன்வெர்ட்டர்னுதான் சொல்லுது.

இன்னொண்ணு. நீங்க மெட்ரோவுல போயிருப்பீங்க. மேலே கம்பியில 25,000 வோல்ட் ஏசி. ரயிலுக்குள்ள டிரான்ஸ்ஃபார்மர்ல குறைச்சு, டிசியாக்கி, இன்வெர்ட்டர்ல த்ரீ ஃபேஸாக்கி மோட்டாருக்குக் கொடுக்குறாங்க. கிளம்பும்போது சக்கரத்துப் பக்கத்துலேருந்து ஒரு சுருதி ஏறி ஏறிப் போகும், கேட்டிருக்கீங்களா? அது இன்வெர்ட்டர் பாடுற பாட்டு. போய் டிரைவரைக் கேளுங்க, பேட்டரி எங்கேன்னு.

அம்பத்தூர்_பவர்
நீங்களே ‘சோலார்’ இன்வெர்ட்டர்னுதான் சொல்றீங்க. முன்னாடி அடைமொழி இருக்கு. வெறும் இன்வெர்ட்டர்னா? என் கடைக்கு ஒருத்தர் வந்து ‘அண்ணே இன்வெர்ட்டர் ஒண்ணு கொடுங்க’ன்னு கேட்டா, ஆறு டிரான்சிஸ்டரைப் பொட்டலம் கட்டிக் கொடுக்கவா?

வீட்ல அம்மா என்ன கேக்குறாங்க? ‘இன்வெர்ட்டருக்குத் தண்ணி ஊத்துனியாடா?’ எதுக்கு ஊத்துறோம்? பேட்டரிக்கு. அப்போ ஜனங்களுக்கு இன்வெர்ட்டர்னா என்ன? பேட்டரி. பிரின்ஸ் வந்து நம்ம வீட்டுக்குத் தண்ணி ஊத்தப் போறாரா?

சோழிங்கநல்லூர்_சுதா
எங்க வீட்லயும் அப்படித்தான் சொல்வோம் 😂 ஆனா டிஸ்டில்டு வாட்டர்தான் ஊத்தணும். என் வீட்டுக்காரர் ஒரு தடவை கேன் தண்ணி ஊத்திட்டார்.

பழைய_வோல்ட்மீட்டர்
கடையில விக்கிற அந்தப் பெட்டிக்கே வருவோம். பெட்டிக்குள்ள பேட்டரி இருக்கா? இல்லை. பேட்டரி வெளியே ட்ராலியில உட்கார்ந்திருக்கு, ரெண்டு தடி வயர் போட்டு மாட்டுறீங்க. பில்லுலயும் இன்வெர்ட்டர் ஒரு வரி, பேட்டரி இன்னொரு வரி. பேட்டரிதான் இன்வெர்ட்டர்னா அந்த முதல் வரி எதுக்கு? சுதா மேடம் ஊத்துற தண்ணி எந்த வரியில போகுது?

உண்மையைச் சொன்னா உங்க பெட்டிக்குத்தான் அந்தப் பேரு முழுசா பொருந்தாது. உள்ளே சார்ஜர் இருக்கு, சேஞ்ச்ஓவர் ரிலே இருக்கு. கரண்ட் இருக்கிற நேரமெல்லாம் அது பேட்டரி சார்ஜர். கரண்ட் போனா மட்டும்தான் இன்வெர்ட்டர். ஏசிக்குள்ள இருக்கிறது ஓடுற நேரமெல்லாம் இன்வெர்ட்டர் வேலை மட்டுமே பார்க்குது.

அம்பத்தூர்_பவர்
இன்வெர்ட்டர் வாங்கிட்டு பேட்டரி வாங்காம போனவன் எவனையாவது காட்டுங்க. என் சர்வீஸ்ல ஒருத்தனைப் பார்த்ததில்லை.

பழைய_வோல்ட்மீட்டர்
கேள்விக்கு பதில் இல்லைன்னா இப்படித்தான்.

அம்பத்தூர்_பவர்
பதில் சொன்னேன். உங்களுக்குப் பிடிக்கலை. அந்த ஈஎல்சிபி (கரண்ட் லீக்கானா ட்ரிப் ஆகுற சுவிட்ச்) இழையிலயும் இதே கதைதான் நடந்தது. ‘எம்சிபி இருந்தா ஷாக்கு தடுக்காது, தடுக்காது’ன்னு பத்து பக்கம் ஓட்டி, கடைசியில அந்தப் பையனைக் குழுவை விட்டே துரத்திட்டீங்க. மறந்துடுச்சா?

பழைய_வோல்ட்மீட்டர்
எம்சிபி ஷாக்கைத் தடுக்காதுதான்! ஓவர்லோடும் ஷார்ட் சர்க்யூட்டும்தான் அதுக்குத் தெரியும். 30 மில்லி ஆம்பியர் லீக்கேஜுக்கு அது அசையாது, ஆள் போய்ச் சேர்ந்துடுவான். அந்தப் பையன் அவனாகப் போனான். நான் யாரையும் துரத்தலை. அட்மின் சாட்சி.

வேளச்சேரி_வெள்ளம்
அட்மின் நீங்கதானே சார்.

ரிச்சி_தெரு_ராஜா
அண்ணனுங்களா, நீங்க பேருக்கு அடிச்சுக்கிறீங்க. எங்க தலைவலி வேற. அந்த இன்வெர்ட்டர் உட்கார்ந்திருக்கிறது அவுட்டோர் யூனிட்டோட பிசிபியில, அதாவது சர்க்யூட் போர்டுல. பெசன்ட் நகர், திருவான்மியூர் பக்கம் கடல் காத்துல உப்பு படிஞ்சு ட்ராக்கெல்லாம் பச்சை பூத்துப் போகுது. இல்லேன்னா பல்லி. ராத்திரி சூட்டுக்கு உள்ளே போகும், ரெண்டு காலுக்கு நடுவுல படுக்கும், டமார். ஆறு டிரான்சிஸ்டரும் ஒரே மாட்யூலு, போனா மொத்தமா போச்சு. பழைய ஏசின்னா கெப்பாசிட்டர் மாத்திட்டு டீ குடிச்சுட்டு வந்துடலாம். இப்போ போர்டு விலையைச் சொன்னா கஸ்டமர் என்னையே திருடன் மாதிரி பாக்குறாரு.

சும்மா சொல்லக் கூடாது, ஸ்டார்ட்டிங்ல இழுக்காது. பழைய ஏசி கட்டுன்னு எடுக்கும்போது வீடே டிம் ஆகும் பாருங்க, அது இதுல கிடையாது.

அம்பத்தூர்_பவர்
அப்போ இன்வெர்ட்டர் ஏசி வாங்காதீங்கன்னு ராஜா அண்ணனே சொல்லிட்டாரு. முடிஞ்சது.

ரிச்சி_தெரு_ராஜா
நான் எங்கப்பா அப்படிச் சொன்னேன்?

பழைய_வோல்ட்மீட்டர்
பார்த்துக்கோங்க, இதுதான் இவர் படிக்கிற லட்சணம்.

ரயில்னதும் ஞாபகம் வருது. பீச் - தாம்பரம் மின்சார ரயில் 1931ல் ஓட ஆரம்பிச்சப்போ 1500 வோல்ட் டிசி. மீட்டர் கேஜ். அப்போ லைனுக்கு வர்ற ஏசியை டிசியாக்குறதுதான் வேலை, அதாவது ரெக்டிஃபையர் பக்கம். இப்போ ரயிலுக்குள்ளேயே இன்வெர்ட்டர். நம்ம ஊரு தண்டவாளத்திலேயே முழு வரலாறும் ஓடியிருக்கு. இதைப் பத்தி விரிவா மூணு பகுதியா எழுதலாம்னு...

வேளச்சேரி_வெள்ளம்
வேண்டாம் சார்.

பீளமேடு_பம்ப்
அந்த 1500 டிசியை 25,000 ஏசியா மாத்தினது அறுபதுகள்லங்க. அதையும் சேர்த்து எழுதுங்க. அரைகுறையா எழுதாதீங்க.

பழைய_வோல்ட்மீட்டர்
அறுபதுகள்னு எனக்குத் தெரியாதா? பகுதி இரண்டுல வரும். முதல்ல பகுதி ஒண்ணை எழுத விடுங்க.

கிண்டி_கேட்
நாட் கேட் பற்றியும் ஒரு பத்தி சேர்த்தால் முழுமையாக இருக்கும்.

அம்பத்தூர்_பவர்
ஐசி சார் இன்னும் போகலையா?

சோழிங்கநல்லூர்_சுதா
ராஜா தம்பி, இன்னொரு சந்தேகம். அட்வான்ஸ் திருப்பித் தர மாட்டேங்குறான், அதனால் வாங்கித்தான் ஆகணும். இன்வெர்ட்டர் ஏசிக்கு ஸ்டெபிலைசர் வேணுமா? அட்டையில வேண்டாம்னு போட்டிருக்கு.

ரிச்சி_தெரு_ராஜா
சில மாடலுக்கு வேண்டாம் அக்கா, வோல்டேஜ் கூடக் குறைய இருந்தாலும் தாங்கும். எந்த வோல்ட்லேருந்து எந்த வோல்ட் வரைன்னு அட்டையிலேயே இருக்கும், பாருங்க.

அம்பத்தூர்_பவர்
கண்டிப்பா வேணும் மேடம். போர்டு போனா யாரு கொடுப்பா? நம்ம கடையிலயே நல்ல ஸ்டெபிலைசர் இருக்கு, இன்பாக்ஸ் வாங்க.

பழைய_வோல்ட்மீட்டர்
வேண்டாம். தேவையே இல்லை. மேடம், அவசரப்பட்டு வாங்கிடாதீங்க. ஸ்டெபிலைசர்னா என்னன்னே இவருக்குத் தெரியுமான்னு முதல்ல கேளுங்க. இதுக்குத் தனி இழை தொடங்குறேன், எல்லாரும் அங்கே வாங்க.