படிகத்துக்குள் ஒளி மெதுவானால் காலமும் மெதுவாகுமா? ஒரு கதைக்கான கோட்பாடு

பனையோலை:
அறிவியல் புனைகதை ஒன்றுக்குக் கோட்பாடு தேவைப்படுகிறது. இப்போதைக்கு வைத்திருப்பது இது: கதையில் வரும் படிகத்துக்குள் ஒளியின் வேகம் நொடிக்கு 1 மீட்டராகக் குறைகிறது. சார்பியலில் ஒளிவேகமும் காலமும் பிணைந்தவை என்பதால், படிகத்தைக் குடைந்து செய்த அறைக்குள் காலமும் அதே விகிதத்தில் மெதுவாகும். வெளியே 30 ஆண்டு கழிந்தால் உள்ளே இருப்பவருக்குச் சுமார் 3 நொடி. இயற்பியல் படித்த வாசகரிடம் இது எடுபடுமா? எடுபடாதென்றால் ஒளி, படிகம், காலத் திரிபு மூன்றையும் விடாமல் எப்படித் திருத்துவது?

லேசர்மேசை:
வகுத்தல் கணக்கு சரி. அடித்தளம்தான் நிற்காது. சார்பியலில் வரும் ஒளிவேகம் வெற்றிடத்துக்கு உரியது, நொடிக்கு 2,99,792.458 கி.மீ. எந்தப் பொருளுக்குள் ஒளி எப்படித் தடுமாறினாலும் அந்த எண் மாறாது. படிகத்துக்குள் நடப்பது வேறு. ஒளியின் மின்புலம் எலக்ட்ரான்களை ஆட்டுகிறது. அவை திருப்பி உமிழும் அலை மூல அலையோடு கலக்கும்போது மொத்த அலையின் கட்டம், அதாவது அலை தன் ஏற்ற இறக்கத்தில் இருக்கும் நிலை, பின்தங்குகிறது. வைரத்தின் ஒளிவிலகல் எண் 2.42 என்பது இந்தப் பின்தங்கலின் அளவு. வைரத்துக்குள் ஒரு கார்பன்-14 அணு மாட்டிக்கொண்டாலும் அதன் அரை ஆயுள் அதே 5,730 ஆண்டுதான்.

அணு உலைக் குளத்தில் தெரியும் நீல ஒளி இன்னொரு சான்று. தண்ணீரில் ஒளி நொடிக்குச் சுமார் 2.25 லட்சம் கி.மீ. போகிறது. கதிரியக்கத்தில் வெளிப்படும் பீட்டா எலக்ட்ரான்கள் அதை முந்துவதால்தான் செரன்கோவ் ஒளி எனப்படும் இந்த நீல ஒளி வருகிறது. உங்கள் விதிப்படி அந்த எலக்ட்ரான்களுக்குக் காலம் தலைகீழாகியிருக்க வேண்டும்.

கதைக்குள்ளேயே ஒரு ஓட்டையும் இருக்கிறது. அறையைக் குடைந்துவிட்டால் உள்ளே இருப்பது காற்று. அங்கே ஒளி வழக்கமான வேகத்தில்தான் ஓடும். சுவர் மட்டும்தானே படிகம்!

நொடிக்கு 1 மீட்டர் என்பதை மட்டும் விட்டுவிடாதீர்கள். 1999-இல் இயற்பியலாளர் லேனே ஹாவின் குழு மிகக் குளிர்ந்த சோடியம் அணுக்களில் ஒளித்துடிப்பை நொடிக்கு 17 மீட்டருக்கு இறக்கிக் காட்டியது.

துகள்கணக்கு:
காலத்தை உண்மையிலேயே வளைக்க நிறையோ ஆற்றலோ வேண்டும். ஒளிக்கும் ஆற்றல் உண்டு என்பதால் "படிகத்தில் ஒளியை அடைத்து அடைத்துக் காலத்தை வளைத்தார்கள்" என்று எழுதத் தோன்றும். போட்டுப் பாருங்கள்: 10 செ.மீ. ஆரமுள்ள படிகத்தின் மேற்பரப்பில் கடிகாரம் ஆண்டுக்கு 1 நொடி பின்தங்க வேண்டுமானால் உள்ளே சுமார் 4.3 × 10¹⁸ கிலோவுக்குச் சமமான ஆற்றல் இருக்க வேண்டும். சூரியன் 32 ஆண்டு உமிழும் மொத்த ஒளி அது. அந்தப் பரப்பில் ஈர்ப்பு பூமியில் இருப்பதைப் போல ஏறக்குறைய 290 கோடி மடங்கு. தொட வரும் கதாநாயகன் மிஞ்சமாட்டான்.

அருமண்:
ஒளியை நிறுத்தி வைக்கும் படிகம் ஏற்கெனவே உண்டு. கோட்பாட்டை அதன்மேல் கட்டுங்கள். யிட்ரியம் சிலிக்கேட் படிகம், சில மி.மீ. தடிமன், அதில் மிகச் சிறிய அளவு பிரசியோடிமியம் என்ற அருமண் உலோகம். 4 கெல்வின் (சுமார் −269 °C) அளவுக்குக் குளிர்வித்து, கட்டுப்பாட்டு லேசரைப் போட்டால் 606 நானோமீட்டர் ஒளிக்குப் படிகம் வழிவிடும். சேமிக்க வேண்டிய துடிப்பு உள்ளே நுழைந்ததும் வேகம் இறங்கிச் சுருங்குகிறது. முழுத் துடிப்பும் உள்ளே இருக்கும் அந்தக் கணத்தில் கட்டுப்பாட்டு லேசரை அணைக்க வேண்டும். ஒளியின் வடிவமும் கட்டமும் பிரசியோடிமிய அயனிகளின் அணுக்கருத் தற்சுழற்சியில் (அணுக்கரு ஒரு சிறு காந்தம்போல் சுழலும் பண்பில்) பதிந்துவிடும். மறுபடி லேசரைப் போட்டால் ஒளி வெளியே வரும்.

பலருக்கும் இடறுவது துடிப்பின் நீளம். காற்றில் 1 மைக்ரோநொடித் துடிப்பு 300 மீட்டர் நீளம். அதைச் சில மி.மீட்டருக்குள் அடக்க முடியாவிட்டால் முன்பகுதி மறுபக்கம் கசிந்துவிடும், பின்பகுதி நுழைந்தே இருக்காது. அடுத்தது கட்டச் சிதைவு. ஒவ்வொரு அயனியும் சற்று வேறான அதிர்வெண்ணில் சுழல்வதால் பதிவு சீக்கிரமே கலைகிறது. ரேடியோ அலைத் துடிப்புகளால் திரும்பத் திரும்ப ஒன்றுசேர்க்கிறார்கள். பக்கத்து யிட்ரியம் அணுக்கருக்களின் காந்த இரைச்சலைத் தணிக்கக் காந்தப்புலத்தைக் குறிப்பிட்ட திசையில் வைக்கிறார்கள். வெப்பநிலை சில கெல்வின் ஏறினாலே எல்லாம் போச்சு. 2013-இல் ஜெர்மனியின் டார்ம்ஸ்டாட்டில் ஏறக்குறைய ஒரு நிமிடம் நிறுத்தினார்கள். 2021-இல் சீனாவின் ஹெஃபெயில் யூரோப்பியம் என்ற இன்னொரு அருமண் உலோகம் கலந்த படிகத்தில் ஒரு மணி நேரம்.

எழுதும்போது மூன்று நுணுக்கங்களை விட்டுவிடாதீர்கள். நுழைந்த ஒளியின் ஆற்றலில் பெரும்பங்கைக் கட்டுப்பாட்டுக் கற்றை எடுத்துப் போய்விடும், அதனால் இருட்டில் வைத்தாலும் படிகம் மினுங்காது. வெளிவரும் படம் ஒரே ஆரஞ்சு நிறத்தில் இருக்கும். படித்தால் பதிவு அழியும், ஆகவே ஒரு முகத்தின் படத்தைப் பதிந்து வைத்தால் அதை ஒரே ஒருமுறைதான் பார்க்கலாம்.

பனையோலை:
அந்தக் கடைசி வரி கதையையே மாற்றிவிட்டது, மிக்க நன்றி. ஆனால் காலத் திரிபு போய்விட்டதே. காலப் படிகம் என்கிறார்களே, அதைச் சேர்க்கலாமா?

லேசர்மேசை:
வேண்டாம். பெயர்தான் அப்படி. வெளியிலிருந்து தட்டும் தாளத்துக்கு இரண்டு தட்டுக்கு ஒருமுறை என்று விடாப்பிடியாக ஆடும் அமைப்பு அது. காலத்தை வளைப்பதில்லை.

துகள்கணக்கு:
அருமண் சொன்ன படிகத்திலேயே காலத் திரிபு இருக்கிறது. பூமியில் 1 மீட்டர் உயரத்தில் உள்ள கடிகாரம் கீழே உள்ளதைவிட 1.1 × 10⁻¹⁶ பங்கு வேகமாக ஓடும். 33 செ.மீ. உயர வேறுபாட்டிலேயே 2010-இல் அமெரிக்காவில் ஒளிக் கடிகாரங்களால் (ஒளி அலையின் அதிர்வைக் கொண்டு நேரம் அளப்பவை) இதை அளந்துவிட்டார்கள். முகத்தின் படத்தைத் தாங்கிய ஒரே லேசர் துடிப்பை இரண்டாகப் பிரித்து இரண்டு படிகங்களில் பதியுங்கள். ஒன்று தரையில், மற்றது 48 செ.மீ. உயர அலமாரியில். தற்சுழற்சியின் அதிர்வெண் 10 மெகாஹெர்ட்ஸ் என்றால் 30 ஆண்டில் மேலுள்ளது அரைச் சுற்று முந்தியிருக்கும். இரண்டையும் ஒரே கணத்தில் படித்து ஒன்றின்மேல் ஒன்றாக விழவைத்தால் ஒளி ஒளியை அழித்து, திரையில் முகம் இருக்க வேண்டிய இடம் இருட்டாகும்.

அருமண்:
கணக்கு சரிதான், ஒரு சிக்கல் உண்டு. ஒன்றுசேர்க்கும் ரேடியோ துடிப்புகள் அந்த அரைச் சுற்றையும் சேர்த்தே ரத்து செய்துவிடும். ஆகவே கதையின் படிகத்தில் எல்லா அயனிகளும் அச்சுப் பிசகாமல் ஒரே அதிர்வெண்ணில் சுழல்கின்றன, துடிப்பே தேவையில்லை என்று வையுங்கள். கற்பனை அந்த ஒரு இடத்தில் மட்டும் போதும். இரண்டு படிகங்களையும் தனித்தனிக் குளிர்கலத்தில் வைக்காதீர்கள். ஒரே செம்புத் தண்டில், ஒன்று கீழே ஒன்று மேலே பொருத்துங்கள். வெப்பநிலை இம்மி வேறுபட்டாலும் அதிர்வெண் நகர்ந்து, உயரத்தால் வந்த இருட்டா வெப்பத்தால் வந்த இருட்டா என்று பிரிக்க முடியாது.