ராமானுஜனை ‘ர’வில் வைப்பதா, ‘இ’யில் வைப்பதா?

விக்கிப்பீடியா இயங்கும் மென்பொருளான மீடியாவிக்கி 1.39இல் தமிழ்க் கலைக்களஞ்சியம் ஒன்று நடத்துகிறோம். ‘ஆளுமைகள்’ பகுப்பில் அகரவரிசை உதைக்கிறது. தலைப்பின் முதல் எழுத்தை வைத்தே மென்பொருள் அடுக்குவதால் உ. வே. சாமிநாதையர் ‘உ’வில் கிடந்தார். எந்தச் சொல்லை வைத்து அடுக்க வேண்டும் என்று சொல்லும் டிஃபால்ட்சார்ட் குறிச்சொல்லில் ‘சாமிநாதையர், உ. வே.’ என்று கொடுத்ததும் ‘ச’வுக்கு வந்துவிட்டார். நியூட்டனுக்கும் அப்படியே. மாவோவைத் தொடவில்லை, அவருக்குக் குடும்பப்பெயர்தான் முன்னால் இருக்கிறது.

அப்புறம் எழுத்து வரிசை. தமிழ் அகரவரிசையில் ‘வ’ முதலில், ‘ழ’ பிறகு. ஆனால் கணினி எழுத்துகளுக்குத் தரும் யுனிகோடு எண்படி ‘ழ’ வந்த பிறகுதான் ‘வ’ வரும். அதனால் அழகப்பருக்குப் பின்னால் அவ்வையார் நின்றார்! பகுப்பு வரிசையை யூசிஏ-டிஏ (தமிழ் அகரவரிசைக்கான அமைப்பு) என்று அமைத்து, பழைய பக்கங்களையும் அந்த வரிசைக்கு மாற்றும் அப்டேட்கொலேஷன் நிரலை ஓட்டியதும் அது சரியாகிவிட்டது.

தீராதது ஒன்றுதான். ராமானுஜன், இராமானுசன், ரங்கநாதன், அரங்கநாதன், லோகநாதன், உலோகநாதன். சிலர் ‘ர’வில் தேடுகிறார்கள், சிலர் ‘இ’யில். மாற்றுப் பெயரிலிருந்து கட்டுரைக்கு அனுப்பும் வழிமாற்றுப் பக்கத்தையும் பகுப்பில் சேர்த்துப் பார்த்தேன். இரண்டு இடத்திலும் பெயர் தெரிகிறது, ஆனால் பகுப்பின் எண்ணிக்கையில் ஒருவரே இரண்டு பேராகிவிடுகிறார். ஆளுமைகளின் எண்ணிக்கையை முகப்பில் காட்டுவதால் இது ஒத்துவராது.

இப்படிப்பட்ட பெயர்களுக்கு வரிசைச் சொல்லை (டிஃபால்ட்சார்ட்டில் கொடுக்கும் சொல்லை) நீங்கள் எப்படி முடிவு செய்கிறீர்கள்: கட்டுரைத் தலைப்பில் உள்ள எழுத்துப்படியா, முன்னால் சேர்ந்த உயிரெழுத்தை நீக்கிவிட்டா?